ஏரிக்கரையில் தாஜ் நிஷாவின் கேமரா

அமெரிக்காவின் ஐசலின் நகரில் ஒரு பல் டாக்டரிடம் வேலை பார்க்கும் தாஜ் நிஷாவுக்கு, ஞாயிற்றுக்கிழமை காலை என்றால் ஏரிக்கரைதான். ஊருக்குக் குடிநீர் தரும் ஏரி. நீண்ட லென்ஸ் மாட்டிய கேமராவோடு கரையில் நடந்து, நாரைகளைப் படம் எடுப்பாள். பல வருடங்களாக யாரும் ஒரு வார்த்தை கேட்டதில்லை.

வளைகுடாவில் சண்டை மூண்டதும் கேட்டார்கள். முக்காடு போட்ட பெண் ஒருத்தி கரையிலுள்ள நீரேற்று நிலையத்தைப் படம் எடுப்பதாக யாரோ போலீசுக்கு போன் செய்துவிட்டார்கள். வந்த அதிகாரி மரியாதையாகத்தான் பேசினார். கேமராவில் நாரைகளைப் பார்த்துவிட்டு மன்னிப்புக் கேட்டுப் போனார். அடுத்த வாரமும் வந்தார். மூன்றாம் முறை, படங்களை அழித்துவிட முடியுமா என்றார். அப்படிச் சட்டம் இருக்கிறதா என்று கேட்டாள். சட்டமில்லை, நிலைமை சரியில்லை என்றார்.

அழிக்க மறுத்துவிட்டு வீட்டுக்கு வந்தவள், கேமராப் பையை சோபாவில் வீசினாள்.

"கொஞ்ச நாள் போகட்டுமே தாஜு," என்றார் கணவர் அன்வர் பாட்சா. "க்ரீன் கார்டு பெண்டிங்ல இருக்கு. இப்ப எதுக்கு இஷ்யூ பண்ணணும்?"

"நானா இஷ்யூ பண்றேன்? நாரைய போட்டோ எடுக்கிறேங்க!"

மறுநாள், கூட வேலை பார்க்கும் காமாக்ஷியும் அதையே பாடினாள். "அவங்கள தப்பு சொல்ல முடியாதுப்பா. யாராவது தண்ணில எதையாவது கலந்துட்டா?"

"என் புள்ளைங்களும் அந்தத் தண்ணியத்தான் குடிக்குது, காமாக்ஷி. செக் பண்ண வேணாம்னா சொல்றேன்? பண்ணியாச்சு. திரும்பத் திரும்ப என்னையே பண்ணா எப்படி?"

நகரசபைக் கூட்டத்தில் தாஜ் நிஷா எழுந்து அதையே ஆங்கிலத்தில் சொன்னாள். ஆவன செய்வதாகச் சொன்னார்கள். செய்தார்கள். சில நாட்களில் ஏரிக்கரையில் ஒரு பலகை முளைத்தது: இங்கே யாரும் படம் எடுக்கக் கூடாது.

கல்யாணப் படம் எடுக்க வந்த ஜோடிகள் திரும்பிப் போனார்கள். பிடித்த மீனோடு படம் எடுத்துக்கொள்ள முடியாமல் போனவர்கள் அவளைப் பார்த்து முணுமுணுத்தார்கள்.

"திருப்தியா? இப்ப எல்லாருக்கும் போச்சு," என்றார் அன்வர்.

அவளுக்கு அழுகையும் சிரிப்பும் சேர்ந்து வந்தன. "இதையா நான் கேட்டேன்?"

அடுத்த கூட்டத்துக்கு, வழியெல்லாம் புலம்பியபடி அவரே காரோட்டினார். அவள் பேசி உட்கார்ந்ததும், யாரும் எதிர்பாராமல் அவரும் எழுந்து மைக் முன்னால் போய் நின்றார். தன் பெயரை எழுத்தெழுத்தாகச் சொன்னார்.

பரிசீலிப்பதாகச் சொல்லியிருக்கிறார்கள். பலகை இன்னும் அங்கேதான் இருக்கிறது.