கறுப்புப் பல்

தோமே தலை கழுவுகிறவள். கடோகுரா குலத்துக் கோட்டையில் அவளும் நானும் ஒரே தொட்டியடியில் உட்கார்ந்து, போரில் வெட்டிக் கொண்டுவந்த தலைகளைக் கழுநீரில் அலசி, முடி வாரி, வாசனைப் புகை காட்டிப் பிரபுவின் பார்வைக்கு அனுப்புவோம். முதலில் மூக்கில் துணி கட்டிக்கொண்டோம். பிறகு மதியம் அதே கையால் தினைச்சோறு தின்றோம். எங்களைக் கேட்டா சண்டை போட்டார்கள்?

சண்டைக்குக் காரணம் செகாவா ஜின்பாச்சி என்ற ஒற்றைச் சாமுராய். அக்கம்பக்கத்துத் தலைவர்கள் எல்லாம் கடோகுராவுக்குப் பணிந்தபோது, தன் பள்ளத்தாக்கைத் தரமாட்டேன் என்று நின்றான். பிரபு அந்த ஊர்களைக் கொளுத்திப் பெண்களை வேலைக்கு இழுத்து வந்தார். தோமே அப்படி வந்தவள். அவள் கணவனும் மகனும் ஜின்பாச்சியோடு மலையில் இருந்தார்கள். அது எனக்கு மட்டும் தெரியும். ஜின்பாச்சியின் தலை கிடைக்கும்வரை மலையில் ஒருத்தனையும் விடமாட்டேன் என்று பிரபு சொல்லியிருந்தார்.

பனி உருகும் காலத்தில் ஒரு காலை, குன்பே என்ற வீரன் துணியை அவிழ்த்து ஒரு தலையை தோமே முன்னால் வைத்தான்.

"ஜின்பாச்சி. அவன் கவசத்தோட கணவாயில தனியா நின்னு மறிச்சான். எனக்குத்தான் மாட்டுனான். நல்லா சோடிச்சுக் குடு அக்கா."

"பல்லு வெள்ளையா இருக்கே," என்றேன். பெரிய வீட்டு ஆண்கள் பல்லைக் கறுப்பாக்கிக்கொள்வார்கள். வெள்ளைப்பல் தலை என்றால் சாதாரணக் காலாள், குழியில் எறிந்துவிடுவார்கள்.

"மலைமேல மைக்கு எங்க போவான்? தேஞ்சிருக்கும். தடவி விடு. உன் பல்லையா கேட்டேன்?" என்று சொல்லிவிட்டுப் போனான்.

தோமே அந்தத் தலையின் காதுக்குப் பின்னால் விரலை வைத்தபடியே இருந்தாள்.

"குமே, இது எங்க வீட்டுக்காரரு. ஜின்பாச்சி கவசத்த இவரு மாட்டிக்கிட்டு நின்னிருக்காரு."

நான் அவள் காதருகில் குனிந்தேன். "ஜின்பாச்சி இல்லன்னு சொல்லிடுடி."

"சொன்னா மறுபடி மலைக்குப் போவாங்க. பையன் இருக்கான்ல. மைக் கிண்ணத்த எடு."

காடியில் இரும்புத் துரு ஊறிய மை. ஒவ்வொரு பல்லாகத் தடவினாள். அழவில்லை. எனக்கு அவள்மேல் கோபம்கூட வந்தது.

போர் முகமூடி இல்லாமல் ஜின்பாச்சியைப் பார்த்தவர் கோட்டையில் யாருமில்லை. அடையாளம் சொல்ல, சிறையிலிருந்த அவன் மனைவி மினேயைக் கூட்டிவந்தார்கள். தோமே தலையைத் தட்டில் ஏந்தி நின்றாள், பின்னால் நான். கட்டியவன் முகம் மினேக்குத் தெரியாதா? தட்டைப் பார்த்தாள். அதை ஏந்தியவளின் விரல் அந்தத் தலையின் காதுக்குப் பின்னால் பதிந்திருப்பதைப் பார்த்தாள். பிறகு தரையில் விழுந்து, "என்ன விட்டுட்டுப் போயிட்டீங்களே" என்று கூரை அதிர அழுதாள்.

பிரபுவுக்கே கண் கலங்கியது. எதிரியானாலும் வீரன் என்று சொல்லி, ஜின்பாச்சி பேரில் கல் நடச் சொல்லி, தலையை மினேயிடமே கொடுத்து அவளை அனுப்பினார். மலையிலிருந்த படையைத் திரும்ப அழைத்தார். மினே பெட்டியை மார்போடு அணைத்துக்கொண்டு போனாள். மற்ற வேலைக்காரிகளைப் போல தோமேயும் குனிந்து வழிவிட்டாள்.

தொட்டியடிக்கு வந்ததும் நான்தான் அழுதேன். "ஒரு சொட்டாவது அழுடி."

"அதான் அந்தம்மா அழுதுட்டாங்களே. நல்லாத்தான் அழுதாங்க." கழுநீரில் கைவிட்டுப் பார்த்தாள். "ஆறிப்போச்சு. சூடா மொண்டு ஊத்து."

அடுத்த தலையின் பல் வெள்ளை. குழிக்குப் போகிற தலை, கழுவவே வேண்டாம். அதைத்தான் அவள் வெகுநேரம் கழுவினாள்.