எட்டு நிமிடப் புல்

எனக்குச் சாமத்தியவீடு வேண்டாம் என்று நான் கத்தியது எங்கள் டேனிஷ் ஊரான கிரின்ஸ்டெட் முழுக்கக் கேட்டிருக்கும். வீட்டில் மட்டும் ஒருவருக்கும் கேட்கவில்லை. பன்னிரண்டு வயதுப் பிள்ளையின் உடம்பில் நடந்ததை, விளையாட்டு மண்டபம் பிடித்து முந்நூறு பேருக்குச் சோறு போட்டு அறிவிக்கிற பழக்கத்தை அன்றும் வெறுத்தேன், இன்றும் வெறுக்கிறேன். ஆனால் நான் சொல்ல வந்தது அதை எடுத்த வீடியோ ரேப்பை, அந்த ஒளிநாடாவைப் பற்றி.

எங்கள் வீட்டு நிலக்கீழ் அறையில் ஒரு கிர்கிஸ் பெண் வாடகைக்கு இருந்தார். அம்மாவோடு தொழிற்சாலையில் துப்புரவு வேலை. நான் அன்ரி என்று கூப்பிடுவேன். ஒவ்வொரு கோடையிலும் தன் நாட்டுக்குப் போய், ஆடுகளோடும் குதிரைகளோடும் மலையேறுகிற தன் அண்ணன் குடும்பத்தைப் படம் பிடித்து வருவார். கம்பளிக் கூடாரத்தை எப்படிக் கட்டுகிறார்கள், எப்படிப் பிரிக்கிறார்கள் என்று எல்லாவற்றையும் ஓர் ஆவணப்படமாக்கி வைக்கவேண்டும் என்பது அவர் எண்ணம். அந்த வருடம் அண்ணன் ஆடுகளை விற்றுவிட்டு நகரத்துக்குப் போய்விட்டார். இனி எடுக்க ஒன்றும் இல்லை. எடுத்ததுதான் எல்லாம்.

அம்மா உதவி செய்வதாக நினைத்து அவரை மாமாவிடம் அனுப்பினார். பக்கத்து நகரமான ஹேர்னிங்கில் இருந்த மாமாதான், அந்தப் பக்கத்தில் அகதிகளாக வந்து குடியேறிய தமிழரின் கலியாணங்களுக்கெல்லாம் வீடியோக்காரர். படத்தில் பொம்பிளை மாப்பிள்ளையைத் தாமரைப் பூவுக்குள் இருந்து எழும்ப வைப்பார். அன்ரியின் ரேப்புகளை ஆசையாக வாங்கிக்கொண்டு போனார். கொஞ்ச நாளில் சிரித்துக்கொண்டு வந்தார்.

"அக்கா, உங்கட கிர்கிஸ்காரி கமராவை நிப்பாட்ட மறந்துபோனா. கூடாரத்தைப் பிரிச்சுக் குதிரையில ஏத்திக்கொண்டு சனமெல்லாம் போயிட்டுது. பிறகு எட்டு நிமிசம் வெறும் புல்லு! புல்லைப் பாக்க ஆர் வருவினம்?"

"அவவைக் கேட்டிட்டு வெட்டடா."

"சும்மா இருங்கோ அக்கா. தொழில் தெரிஞ்சவன் நான்."

மாமாவுக்கு ஒரு வழக்கம். வேண்டியதை மட்டும் கணினிக்குள் ஏற்றுவார். பிறகு அதே ரேப்பில் அடுத்த விழாவை எடுப்பார். அப்படித்தான் புல் இருந்த ரேப்பில் என் சாமத்தியவீட்டின் கடைசிப் பகுதியை எடுத்தார். அன்ரியும் வந்திருந்தார். அம்மாவோடு சேர்ந்து நின்று எனக்கு ஆராத்தி எடுத்தார். அவர் தட்டைச் சுற்றிய அந்த நேரத்தில் அவருடைய புல் அழிந்துகொண்டிருந்தது. ஒருவருக்கும் தெரியாது.

அடுத்த கிழமை மாமா அன்ரியின் படத்தைக் கொண்டுவந்து போட்டார். குதிரைகள் இதயவடிவத்துக்குள் ஓடின. பின்னால் புல்லாங்குழல். அன்ரி கடைசிவரை பார்த்தார். பிறகு, புல் எங்கே என்று கேட்டார். மாமா ரேப்பை எடுத்துக் கொடுத்தார். அதில் என் பெயர் எழுதியிருந்தது.

அன்ரி கத்தவில்லை. ரேப்பைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். எனக்கு அந்த ரேப் தொலைந்தால் போதும். "எறிந்துவிடுங்கள், எனக்கும் அது வேண்டாம்" என்று டேனிஷில் சொன்னேன். அன்ரி எறியவில்லை.

ரேப்பைத் தன் கமராவில் போட்டு, எங்கள் தொலைக்காட்சியில் இடையிடையே வேகமாக ஓடவிட்டார். முழுக்க நான்தான். முகமெல்லாம் பூச்சு, கோபம். ஆராத்தி முடிந்தது. சனம் போனது. ஆனால் படம் நிற்கவில்லை. மாமா கமராவை நிற்பாட்ட மறந்திருந்தார்! அவரும் அப்பாவும் அலங்கார மேடையின் பிளாஸ்டிக் தூண்களைக் கழற்றினார்கள். பெண்கள் துணிகளை மடித்தார்கள். கதிரைகள் போயின. அம்மா கூட்டினார். தரையில் பந்து விளையாடுகிற கோடுகள் மட்டும் மிஞ்சின. மாமாவின் முகம் கமராவுக்குக் கிட்ட வந்து, "ஐயோ, இது ஓடுது!" என்றது.

அடுத்தது அழியாமல் மிஞ்சிய புல். நடுவில் கூடாரம் இருந்த இடம், வெளிறிய பெரிய வட்டமாக. ஒரு நிமிடம் கூட இல்லை. முடிந்துவிட்டது.

அன்ரி திருப்பிப் போட்டார். புல்லில் இருந்து இல்லை, தூண்களைக் கழற்றுவதில் இருந்து. மூன்று தரம். அம்மா தேத்தண்ணியை வைத்துவிட்டுப் பக்கத்தில் இருந்தார். மாமா குனிந்த தலை நிமிரவில்லை. "இந்தத் துண்டை என் படத்தில் போடலாமா?" என்று அன்ரி கேட்டார். அம்மா ஓம் என்றார். எனக்குப் பத்திக்கொண்டு வந்தது. என்னை யாரும் பார்க்கக்கூடாது என்று இருந்தவள்தான் நான். என்றாலும் அவ்வளவு நேரமும் நான் இருக்க, கதிரை மடிக்கிறதையா எடுப்பது!

அம்மாவும் அன்ரியும் தங்களுக்குத் தெரிந்த டேனிஷில் கதைத்தார்கள். மண்டபத்தைக் கழற்ற எவ்வளவு நேரம் ஆனது என்று அன்ரி கேட்டார்.

"ஒரு மணித்தியாலம்."

"எங்கள் கூடாரத்துக்கும் அவ்வளவுதான்."

அம்மா திரையையே பார்த்துக்கொண்டு, "நாங்கள் வீட்டை விட்டு வெளிக்கிட்டபோது அரை மணித்தியாலமும் கிடைக்கவில்லை" என்றார்.

முன்பு இருந்த ஊரான ஹொல்ஸ்டெப்ரோவில் இருந்து இந்த வீட்டுக்கு மாறியதுதான் எனக்குத் தெரிந்த வீடு மாறல். லொறி பிடித்து, பெட்டி கட்டி, முழுதாக இரண்டு நாள் ஆனது. அம்மா ஏன் இப்படிப் பொய் சொல்கிறார் என்று எரிச்சல்பட்டுக்கொண்டு என் அறைக்குப் போய்க் கதவை அடித்துச் சாத்தினேன்.