ஊதாக் கல்லும் சிவப்பு நூலும்

என் மேசைமேல் ஒரு கல் கிடக்கிறது. உள்ளங்கையில் அடங்குகிற அளவுதான். ஒரு வெள்ளைப் பாறைத் துண்டில் ஊதா நிறத்தில் ஏழெட்டுப் படிகங்கள் முளைத்திருக்கின்றன. முளைத்திருந்தன என்பதுதான் சரி. இப்போது முனையெல்லாம் மழுங்கி, பளபளப்புப் போய், பல நாள் தேய்த்த சோப்பு மாதிரி ஆகிவிட்டது. அதன் இடுப்பில் ஒரு சிவப்பு நூல் கட்டி வைத்திருக்கிறேன். என் மகள் சின்னவளாக இருந்தபோது அதைக் கையில் எடுத்து, "அம்மா, இது சாபுனா?" என்று கேட்டாள். அவள் தமிழ் அப்படித்தான், பாதி வழியில் ஹிந்திக்கு இறங்கிக்கொள்ளும். சோப்பு இல்லைடி, அபடைட் என்றேன். அப்படின்னா என்ன என்றாள். அடுப்பில் பால் பொங்குகிறது என்று சொல்லி எழுந்து போய்விட்டேன். அடுப்பில் பாலே வைக்கவில்லை.

தொண்ணூறுகளின் நடுவில் புணே பக்கம் போசரியில் ஒரு கல் ஏற்றுமதிக் கடையில் வேலை பார்த்தேன். கடை என்றால் கண்ணாடி ஷோரூம் எல்லாம் கற்பனை செய்துகொள்ள வேண்டாம். லேத் பட்டறைகளுக்கு நடுவில் தகரக் கூரை போட்ட ஒரு ஷெட். புணேயைச் சுற்றிக் கிணறு தோண்டும்போதும் ஜல்லிக்குப் பாறை உடைக்கும்போதும் உள்ளே பொந்துகளில் அழகழகான படிகங்கள் கிடைக்கும். அவற்றையும் வடக்கேயிருந்து மூட்டையில் வருகிறவற்றையும் முதலாளி சேட் வாங்கி, கழுவி, பெயர்ச்சீட்டு வைத்து வெளிநாட்டுக்கு அனுப்புவார். பெயர்ச்சீட்டு எழுதுவது என் வேலை. கழுவுவது அக்காவின் வேலை. போபோடியில் எங்கள் வீட்டுக்கு அடுத்த சந்தில் குடியிருந்த அக்கா. குடியாத்தம் பக்கத்துக்காரர். வீட்டுக்காரர் போய்ச் சேர்ந்த பிறகு ஒற்றை மகளை வைத்துக்கொண்டு இந்த ஆசிட் தொட்டிகளோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தார். பி.காம் முடித்து நான் சும்மா கிடந்தபோது, "இந்தப் பாப்பா முத்து முத்தா எழுதும் சேட்" என்று சொல்லி என்னைக் கூட்டிக்கொண்டு போய் நிறுத்தியதே அவர்தான். சிபாரிசு செய்ய எனக்கு வேறு யார் இருந்தார்கள்? அப்பா அப்போதுதான் கட்கியில் ராணுவத் தொழிற்சாலை வேலையிலிருந்து உடம்பு முடியாமல் வந்து உட்கார்ந்திருந்தார். வீட்டில் என் சம்பளம்தான் சம்பளம்.

அக்காவுக்கு எந்த மொழியிலும் எழுதப் படிக்கத் தெரியாது. அதனால் நாங்கள் இருவரும் ஒரு ஏற்பாடு வைத்திருந்தோம். ஒவ்வொரு கல்லிலும் சீட்டோடு ஒரு நூல் கட்டுவேன். சிவப்பு நூல் என்றால் ஆசிட் தொட்டி, நீல நூல் என்றால் வெறும் தண்ணீர். கற்களின் இடுக்கில் சுண்ணாம்பு மாதிரி வெள்ளையாகப் படிந்திருப்பதை ஆசிட் தின்றுவிடும். ஊதா நிறச் செவ்வந்திக்கல் போல உறுதியான கல்லை அது ஒன்றும் செய்யாது. ஆனால் சில கற்களை ஆசிடில் போட்டால் கல்லே போய்விடும். கல்லை உள்ளே இறக்குமுன் அக்கா சீட்டையும் நூலையும் அவிழ்த்து, அந்தத் தொட்டிக்கு மேலே சுவரில் அடித்த ஆணியில் மாட்டுவார். மறுநாள் எடுத்துத் தண்ணீரில் அலசியதும் திரும்பக் கட்டுவார். இரண்டு வருஷத்தில் அவர் கையில் ஒரு சீட்டு மாறியதில்லை, ஒரு கல் உடைந்ததில்லை. ஆசிட் நெடிக்கு முந்தானையை மூக்கைச் சுற்றிக் கட்டிக்கொண்டு, தொட்டிக்குள் பார்த்து, "ஏய், ஒழுங்கா வெளுத்து வெளிய வரணும், இன்னா?" என்று கற்களோடு பேசுவார். எனக்குச் சிரிப்பு வரும். மத்தியானம் அவருடைய டப்பாவைத் திறந்தால் எனக்கென்று ஒரு ஓரத்தில் புளிக்குழம்பு தனியாக இருக்கும். அவர் வீட்டுப் புளிக்குழம்பு மாதிரி நான் பிறகு எங்கும் சாப்பிடவில்லை.

அந்த ஊதாக் கல் ஒரு மழைக்கால வாரத்தில் மூட்டையோடு வந்தது. சேட் அதை வெளிச்சத்தில் திருப்பித் திருப்பிப் பார்த்தார். செவ்வந்திக்கல் மாதிரிதான் இருக்கிறது, ஆனால் எதற்கும் அடியில் கத்தியால் கீறிப் பார்த்துவிட்டு நூல் கட்டு, கீறல் விழுந்தால் தண்ணீர் மட்டும்தான் என்று என்னிடம் சொன்னார். அடுத்த மாதம் வரப்போகும் ஒரு வெள்ளைக்காரருக்காக அதை எடுத்து வைக்கப் போவதாகவும் சொன்னார். கத்தி என் மேசை இழுப்பறையிலேயே இருந்தது. எடுத்துக் கீற எவ்வளவு நேரமாகும்? அரை நிமிஷம். அன்று சாயங்காலம் என்னைப் பெண் பார்க்க வருகிறார்கள். நாலு மணிக்கே கிளம்பி, நாசிக் பாட்டா சந்திப்பில் இறங்கி வேறு சிக்ஸ் சீட்டர் ஆட்டோ பிடித்து வீட்டுக்குப் போய், தலை வாரி, பூ வைத்து உட்கார வேண்டும். ஊதா என்றால் செவ்வந்திக்கல்தானே, இதில் கீற என்ன இருக்கிறது என்று சிவப்பு நூலைக் கட்டி நீட்டினேன்.

அக்கா வாங்கியவர் உடனே நகரவில்லை. கட்டைவிரலால் தடவிப் பார்த்தார். "பாப்பா, இது அந்தக் கல்லு மாதிரி கையில சில்லுன்னு இல்லியே. பராபர், சரியாப் பாத்துத்தான் கட்டினியா?" என்றார். இரண்டு வருஷம் கல் கழுவிய கை அது, எனக்குத் தெரியாததா? ஆனால் எனக்கு நேரமாகிவிட்ட எரிச்சல். "படிச்சுட்டு வந்து நான் சொல்றேன், நீங்க தடவிப் பாத்து சொல்றீங்க. போடுங்கக்கா" என்று வெடுக்கென்று சொல்லிவிட்டேன். இதை எழுதும்போதும் நாக்கைப் பிடுங்கிக்கொள்ளலாம் போல இருக்கிறது. அவர் முகம் ஒன்றும் மாறவில்லை. "சரிம்மா, நீ கிளம்பு. மாப்பிள்ளை வூட்டுக்காரங்க முன்னாடி இப்பிடி மூஞ்சிய வெச்சுக்காத" என்று சிரித்துவிட்டுத் தொட்டிப் பக்கம் போனார்.

மறுநாள் காலை நான் போனபோது சேட் இன்னும் வரவில்லை. அக்கா வெளிக்குழாயில் வாளி நிரப்பிக்கொண்டிருந்தார். தொட்டியில் இருந்து எடுத்த கற்கள் தட்டில் வரிசையாக இருந்தன. அதில் இதுவும் இருந்தது, இன்று இருக்கிற இதே கோலத்தில். சேட் கோபக்காரர். முந்தின தீபாவளிக்கு ஒரு கல்லைக் கீழே போட்ட பையனை அன்றைக்கே அனுப்பியவர். எனக்கு அப்பாவின் மருந்துச் சீட்டு கண் முன்னால் வந்தது. நேற்றுப் பெண் பார்த்துவிட்டுப் போனவர்களிடம், பெண் வேலைக்குப் போகிறாள் என்று அம்மா பெருமையாகச் சொன்னது வந்தது. சுவரில் ஆணியில் சீட்டும் சிவப்பு நூலும் தொங்கின. சீட்டிலிருந்து சிவப்பு நூலை அவிழ்த்தேன். நீல நூலைக் கட்டினேன். திரும்ப மாட்டினேன். இவ்வளவுதான் நான் செய்தது. கத்தியால் கீறுவதற்கு எவ்வளவு நேரம் ஆகியிருக்குமோ, அவ்வளவு நேரம்தான் இதற்கும் ஆயிற்று.

சேட் வந்தார், கல்லைப் பார்த்தார், ஆணியில் நீல நூலைப் பார்த்தார். அப்புறம் அக்காவைக் கூப்பிட்டார். "நீல நூல் கட்டியிருக்கிறதை ஆசிடில் போட்டியா? கண் எங்கே போச்சு?" என்று ஹிந்தியில் கத்தினார். அக்கா ஈரக் கையைப் புடவையில் துடைத்துக்கொண்டே வந்து ஆணியைப் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார். எவ்வளவு நேரம் பார்த்தார் என்று கேட்டால் என்னால் சொல்ல முடியாது. வெளியே மூடாத குழாயில் வாளி நிரம்பி வழிகிற சத்தம் மட்டும் கேட்டுக்கொண்டே இருந்தது. நான் சீட்டுப் புத்தகத்தில் எதையோ எழுதுகிற மாதிரி குனிந்துகொண்டேன். கடைசியில் அவர், "என் கையாலதான் போட்டேன் சேட்" என்றார். அந்த வாரச் சம்பளத்தோடு அனுப்பிவிட்டார்கள். போகும்போது அவருடைய டப்பாவை என் மேசைமேல் வைத்துவிட்டு, "சாப்பிட்டுட்டு வூட்ல குடுத்துடு" என்றார். நான் அதைத் திறக்கவே இல்லை. டப்பாவை என் தம்பியிடம் கொடுத்து அனுப்பினேன்.

அதன் பிறகு அந்தச் சந்து வழியாக நான் போவதில்லை. ஒரு சுற்றுச் சுற்றிப் பெரிய சாலை வழியாகப் போவேன். அக்காவுக்குத்தான் எழுதப் படிக்கத் தெரியாதே, நீலம் கட்டியிருந்ததை நாமே சரியாகப் பார்க்காமல் போட்டுவிட்டோம் என்றுதான் நினைத்திருப்பார், பாவம் என்று எனக்கு நானே சொல்லிக்கொள்வேன். அவரை முட்டாளாக்கி அதில் நான் நிம்மதி தேடினேன். வெட்கக்கேடு.

அடுத்த மாதம் அந்த வெள்ளைக்காரர் வந்தார். வயதானவர், வாத்தியார் போல ஒவ்வொரு கல்லுக்கும் கதை சொல்வார். மூலையில் கிடந்த இந்தக் கல்லை லென்ஸ் வைத்துப் பார்த்து, ஐயையோ என்று தலையில் கை வைத்துக்கொண்டார். இது செவ்வந்திக்கல்லே இல்லை, அபடைட், இத்தனை அடர்ந்த ஊதாவில் கிடைப்பது அபூர்வம், ஆசிடில் போட்டால் கரைந்துவிடும் என்றார். இப்படி வேறு கல் போலத் தோன்றுவதால்தான் அந்தப் பெயரே வைத்தார்கள் என்றும் சொன்னார். பழைய கிரேக்க மொழியில் ஏமாற்றுவது என்று பொருளாம். பச்சையாக இருந்தால் ஒரு கல் மாதிரி, ஊதாவாக இருந்தால் இன்னொரு கல் மாதிரி என்று பெரிய பெரிய அறிஞர்களையே அது காலகாலமாக ஏமாற்றி வந்திருக்கிறதாம். கழுவியவர் மேல் தப்பே இல்லை, கல்லின் தொழிலே அது என்று சிரித்தார். நான் சிரிக்கவில்லை. அந்தக் கல் யாரையும் ஏமாற்றவில்லை. அக்கா தொட்டதும் அது உண்மையைச் சொல்லிவிட்டது. அந்தப் பெயர் ஷெட்டுக்குள் எனக்குத்தான் பொருந்தியது.

அவர் போன பிறகு சேட் அந்தக் கல்லைக் கையில் எடுத்துத் திருப்பிப் பார்த்தார். நல்ல மனிதர்தான், கோபம் இறங்கினால் குழந்தை. "உன் அக்காவை நான் ரொம்பப் பேசிட்டேன். அவ மாதிரி கழுவ ஆளே கிடைக்கல. நாளைக்கு வரச் சொல்றியா?" என்று கேட்டார். எதிர்பார்க்கவே இல்லை. எவ்வளவு சுலபமாக எல்லாம் சரியாகியிருக்கும்! ஆனால் எனக்கு வேறு பயம் பிடித்துக்கொண்டது. அக்கா திரும்பி வந்து, ஏதோ ஒரு நாள் பேச்சுவாக்கில், அது சிவப்பு நூல்தான் சேட் என்று சொல்லிவிட்டால்? "அவங்க வேற எங்கயோ வேலைக்குச் சேந்துட்டாங்க சேட்" என்றேன். சேர்ந்தாரா இல்லையா என்று எனக்குத் தெரியாது. சேட், அப்படியா, சரி என்றார். இந்தக் கல்லை, பேப்பர் பறக்காமல் வைத்துக்கொள் என்று என்னிடமே தூக்கிக் கொடுத்தார். அன்று பெண் பார்த்தவர்கள் என்னை வேண்டாம் என்றுவிட்டார்கள். அடுத்த வருஷம் வேறு இடத்தில் கல்யாணமாகிச் சிஞ்ச்வட் வந்தேன். கல்லும் பெட்டிக்குள் என்னோடு வந்தது.

அதற்குப் பிறகு பத்து வருஷம் இருக்கும், சிஞ்ச்வட் ஸ்டேஷனில் லோக்கல் ரயிலுக்குக் காத்திருந்தேன். பிளாட்பாரப் பெஞ்சில் ஒரு பையோடு அக்கா உட்கார்ந்திருந்தார். தலை நரைத்துவிட்டது. நான் ஒதுங்கிப் போயிருப்பேன், சத்தியமாக. அவர்தான் "பாப்பா!" என்று கூப்பிட்டார். மகள் கல்யாணமாகி ஆகுர்டியில் இருக்கிறாளாம். இவர் எங்களிடமிருந்து போன பிறகு எட்டு மாதம் வேலை இல்லாமல் இருந்துவிட்டு, ஒரு லேத் பட்டறையில் கீழே விழுகிற இரும்புச் சுருள் பொறுக்கப் போனாராம். மகளைப் பத்தாவதோடு நிறுத்த வேண்டியதாகிவிட்டது என்று அதையும் குறையாகச் சொல்லாமல் சேதியாகச் சொன்னார். "அக்கா, அந்த நூலை நான்தான் மாத்தினேன்" என்று சொல்லிவிட்டேன்.

அவர் என்னை ஆச்சரியமாகப் பார்த்தார். "எனக்குத் தெரியாதுன்னா நெனச்சே? படிக்கத்தான் தெரியாது பாப்பா, கலர் கூடவா தெரியாது?" என்றார். பிறகு, "சேட்டு கேட்டப்போ வாயத் தொறக்காம நின்னேனே, எதுக்குன்னு நெனச்சே? நீ சொல்லுவேன்னு நின்னேன்" என்றார். கோபமே இல்லாமல் சொன்னார். திட்டியிருக்கலாம், நாலு அறை விட்டிருக்கலாம். நான் அழுதேன். என் முதுகைத் தட்டிக் கொடுத்து, இப்பவாச்சும் சொன்னியே, போதும் வுடு என்றார்.

தூரத்தில் வண்டி வருகிற சத்தம் கேட்டது. பையை எடுத்துக்கொண்டு எழுந்தவர், சும்மா நினைவு வந்தது போலக் கேட்டார்: "அந்தக் கல்லு இன்னான்னு கண்டுபுடிச்சாங்களா? அதுக்கப்புறம் சேட்டு என்னை ஒரு தபா கூடக் கேக்கலியா பாப்பா? ஆள் அனுப்புவாருன்னு ஒரு வருஷம் பாத்துனு இருந்தேன்."

வண்டி வந்து நின்றது. கூட்டம் முட்டியது. அப்போதுதான் மன்னிப்பு வாங்கியிருந்தேன், அதை உடனே இழக்க மனசு வரவில்லை. "இல்லக்கா, கேக்கல" என்றேன். அவர் தலையை ஆட்டிக்கொண்டு ஏறிப் போய்விட்டார். பிறகு அவரை நான் பார்க்கவில்லை. சில வருஷம் கழித்து, மிச்சத்தையும் சொல்லிவிடலாம் என்று ஆகுர்டியில் அவர் மகளைத் தேடிப் போனபோது, அக்கா இறந்து ஆறு மாதம் ஆகிறது என்றாள்.

நேற்று மகள் மறுபடி கேட்டாள். இப்போது அவள் காலேஜ் போகிறாள், பால் கதை செல்லாது. ஏமாற்றுவது என்று அர்த்தம் என்றேன். யார் யாரை ஏமாற்றியது என்றாள். சிவப்பு நூலைத் தொட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். அவளிடம் சொல்வதற்கு முன் வேறொருவரிடம் சொல்ல வேண்டியது பாக்கி இருக்கிறது. கேட்க அவர் இல்லை, இருந்தாலும் இதைப் படிக்கத் தெரியாது. ஆனாலும் எழுதுகிறேன்: கேட்டார், அக்கா. நாளைக்கே வரச் சொல் என்று சேட் உங்களைக் கேட்டார்.