நிகாசியோவின் வண்டியும் என் வயிற்றெரிச்சலும்

நிகாசியோவைப் பற்றி எழுதும் முன் ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். அவன்மேல் எனக்குப் பொறாமை. ஒரு நாள் இரண்டு நாள் பொறாமை இல்லை, பதினோரு வருடப் பொறாமை. எங்கள் மலையூரான குஸ்கோவில் எங்கள் இரண்டு பேரையும் அறிந்தவர்கள் எல்லோருக்கும் இது தெரியும், அவன் ஒருத்தனைத் தவிர.

எங்கள் பிழைப்பு இதுதான். வெளிநாட்டிலிருந்து வருகிறவர்களில் சிலருக்குக் கூட்டத்தோடு பஸ்ஸில் இடிபடப் பிடிக்காது. தங்களுக்கென்று தனியாக ஒரு வண்டி கேட்பார்கள். காலை ஏழு மணிக்கு விடுதி வாசலில் போய் நிற்போம். சின்சேரோ, மொராய், ஒய்யாந்தாய்தாம்போ என்று இன்கா ராஜாக்கள் விட்டுப்போன சுவரையும் படியையும் காட்டிவிட்டு, இருட்டுவதற்குள் திரும்பக் கொண்டுவந்து விடுவோம். நான் வழிகாட்டி. ஐந்து வருடம் படித்து, பரீட்சை எழுதி, அரசாங்க அட்டையைக் கழுத்தில் மாட்டியவன். நிகாசியோ டிரைவர். அவனுக்கு எங்கள் மலைப் பாஷையான கெச்சுவா தெரியும், ஸ்பானிஷ் தெரியும். இங்கிலீஷில் 'குட் மார்னிங்' தெரியும். அதையும் சாயங்காலம்தான் சொல்வான்.

நாள் முழுக்கத் தொண்டை வறளப் பேசுகிறவன் நான். எந்தச் சுவரை எந்த ராஜா எழுப்பினான், கல் எந்த மலையிலிருந்து வந்தது, எத்தனை பேர் இழுத்தார்கள், எல்லாம் சொல்வேன். எல்லோரும் மரியாதையாகத் தலையாட்டுவார்கள். நடுவில் இவன் ஸ்டியரிங்கைப் பிடித்தபடியே ஏதோ முனகுவான். உடனே, "என்ன சொல்றார்? என்ன சொல்றார்?" என்று பின்சீட்டிலிருந்து நாலு தலை எட்டிப் பார்க்கும்.

"கல்லுக்கும் கல்லுக்கும் நடுவுல ஊசி நுழையாதாமே! என் மாமியாரைக் கூட்டிட்டு வாங்க. அவங்க நாக்கு நுழையும்."

இதை நான் இங்கிலீஷில் சொல்லித் தொலைக்க வேண்டும். வண்டியே குலுங்கச் சிரிப்பார்கள். சொன்ன வாய் என்னுடையது, சிரிப்பு அவனுக்கு. உழுகிறவன் ஒருத்தன், அறுக்கிறவன் ஒருத்தன். ஊருக்குப் போய் எங்கள் கம்பெனியின் இணையப் பக்கத்தில் கருத்து எழுதுவார்கள்: 'நிகாசியோ ஒரு தங்கம். அவருக்காகவே மறுபடி வருவோம்.' கீழே எனக்கும் ஒரு வரி இருக்கும்: 'வழிகாட்டியும் நேரத்துக்கு வந்தார்.'

இத்தனைக்கும் அவன் வந்த வழி ஒன்றும் பெரியதில்லை. லாரெஸ் மலைக்கு மேலே உருளைக்கிழங்கு தவிர வேறெதுவும் விளையாத ஓர் ஊர். பதினாலு வயதில் குஸ்கோவுக்கு வந்து, சான் பெத்ரோ சந்தையில் மூட்டை தூக்கினான். பிறகு கிழங்கு லாரியில் கிளீனர், அப்புறம் அதே லாரிக்கு டிரைவர். ஒருமுறை மாலகா கணவாயில் பிரேக் போய், லாரி பள்ளத்துக்கு ஒரு முழம் இருக்கும்போது நின்றதாம். அன்றிலிருந்து எந்த மேடு வந்தாலும் வண்டியை நிறுத்திவிடுவான். இறங்கி, மூன்று கோகா இலையை விசிறி போல விரலிடுக்கில் பிடித்து, மலைச்சாமியைப் பார்த்து ஊதிவிட்டுத்தான் ஏறுவான். இந்தச் சடங்கைப் பற்றி நான் இருபது நிமிடம் பேசுவேன், ஆதாரத்தோடு. ஒருவரும் குறித்துக்கொண்டதில்லை. அவன் மூன்று இலையைப் பொறுக்கி அவர்கள் கையில் வைப்பான், அவ்வளவுதான். படித்த மனிதர்கள், பேராசிரியர்கள், கண்ணை மூடிக்கொண்டு நிற்பார்கள். எனக்குப் பற்றிக்கொண்டு வரும்.

சண்டை போட்டாவது ஆற்றிக்கொள்ளலாம் என்றால் அதற்கும் வழியில்லை. என் மகள் யானெத்துக்கு முதல் முடி இறக்கியபோது கத்தரிக்கோலை முதலில் பிடித்த ஞானத்தகப்பன் அவன்தான். அன்றிலிருந்து அவன் எனக்குக் கொம்பாத்ரே, நான் அவனுக்குக் கொம்பாத்ரே. கூடப் பிறந்தவனோடு சண்டை போடலாம், கொம்பாத்ரேயோடு போட்டால் ஊர் காறித் துப்பும். யானெத்தும் அவன் ஹாரன் சத்தம் கேட்டால் போதும், என் மடியிலிருந்து குதித்து ஓடுவாள்.

"அவர்மேல பொறாமைப்படுற நேரத்துல நீயும் ரெண்டு ஜோக்கு கத்துக்கலாம்ல?" என்பாள் என் மனைவி யூதித்.

"நான் படிச்சவன்டீ."

"அது மூஞ்சியிலயே தெரியுது, போ."

போன ஜூலையில் கம்பெனிக்காரி மார்லேனி போன் செய்தாள். நாலு வருடத்துக்கு முன்னால் கணவரோடு வந்த ஹெண்ட்ரிகா என்ற டச்சுக்கார அம்மா மறுபடி வருகிறாராம். கணவர் போன வருடம் இறந்துவிட்டார். அன்றைக்குப் போன அதே இடங்களுக்குத் தனியாகப் போக வேண்டுமாம்.

எனக்கு உடனே ஞாபகம் வந்துவிட்டது. கணவர் பெயர் வில்லெம். கடலுக்குக் கரை கட்டுகிற இன்ஜினியர். முட்டிவலிக்காரர். மொராயின் வட்டப் பள்ளத்துக்குள் இறங்க முடியாமல் மேல்படியிலேயே உட்கார்ந்துவிட்டார். அவருக்குத் துணையாக நான் உட்கார்ந்தேன். அந்த அம்மாவின் கையைப் பிடித்து நிகாசியோதான் கீழே கூட்டிப்போனான். ஒரு மணி நேரம் நானும் வில்லெமும் மட்டும் பேசிக்கொண்டிருந்தோம். என் பதினோரு வருடத்தில் முழுக்க எனக்கே எனக்கென்று கிடைத்த விருந்தாளி அவர் ஒருத்தர்தான்.

"அதே ஆளுங்க வேணும்னு கேட்டாங்களா?" என்றேன்.

"அதே டிரைவர் வேணுமாம்."

"வழிகாட்டி?"

"யாரா இருந்தாலும் பரவாயில்லையாம். உனக்கு வேற வேலை இருந்தா சொல்லு, வேற ஆளை அனுப்பறேன்."

"நானே போறேன்," என்றேன். போனை வைத்த கையோடு எனக்குள் ஒரு வெறி வந்துவிட்டது. மற்ற எல்லோரும் அவனுக்கே போகட்டும். இந்த ஒரு அம்மா என் பெயரைச் சொல்லிவிட்டுத்தான் விமானம் ஏற வேண்டும்.

அன்று காலை சட்டையை இஸ்திரி போட்டுக்கொண்டு விடுதி வாசலில் நின்றேன். ஹெண்ட்ரிகா வந்தார். நான் நீட்டிய கையைத் தாண்டிப் போய், நிகாசியோவின் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டார். "மாமாய்!" என்றான் அவன். அம்மா என்று அர்த்தம், பார்க்கிற கிழவிகளையெல்லாம் அவன் அப்படித்தான் கூப்பிடுவான். அந்த அம்மாவின் கண் நிறைந்துவிட்டது. பிறகுதான் என் பக்கம் திரும்பினார்.

"நீங்க புதுசா?"

வண்டி ஊர் எல்லையைத் தாண்டியது. நிகாசியோ கண்ணாடி வழியாகப் பின்னால் ஒரு பார்வை பார்த்துவிட்டுக் கெச்சுவாவில் மெதுவாகக் கேட்டான். "கொம்பாத்ரே, யாரு இந்தம்மா?"

தூக்கிவாரிப்போட்டது. "நாலு வருஷம் முன்ன வந்தாங்களே. வீட்டுக்காரரோட. முட்டிவலிக்காரர்."

"சுத்தமா ஞாபகம் இல்லையே."

"உன்னைத் தேடித்தான் கடல் தாண்டி வந்திருக்காங்க."

"ஐயையோ, பாவம்!" என்றான்.

"என்ன சொல்றார்?" என்றார் ஹெண்ட்ரிகா, முன்னால் சாய்ந்து.

ஒரே ஒரு வாக்கியம் போதும். 'உங்களை அவனுக்கு ஞாபகமே இல்லையம்மா, எனக்குத்தான் இருக்கிறது.' நாக்கு நுனிவரை வந்துவிட்டது. "இன்னிக்கு மழை வராதுங்கிறார்," என்றேன். என்னை நல்லவன் என்று நினைத்துவிட வேண்டாம். மொராயில், அவர் கணவர் உட்கார்ந்த இடத்தில் வைத்துச் சொன்னால் இன்னும் நன்றாக உறைக்குமே என்றுதான் அப்போது விட்டேன்.

சின்சேரோ மேட்டில் வழக்கம்போல இலை ஊதல் நடந்தது. வழியில் அவித்த மக்காச்சோளமும் பாலாடைக்கட்டியும் வாங்கி, தன் பங்கில் பாதியை உடைத்து அந்த அம்மாவுக்குக் கொடுத்தான் நிகாசியோ. மாமியார் ஜோக்கும் வந்தது. அவர் புன்னகைத்தார், சிரிக்கவில்லை.

மொராயில் அவன் வண்டியோடு நின்றுவிட்டான். ஹெண்ட்ரிகா கீழே இறங்கவில்லை. வில்லெம் உட்கார்ந்த அதே மேல்படியில் போய் உட்கார்ந்தார். கீழே பெரிய கிண்ணத்துக்குள் கிண்ணம் வைத்தது போல வட்டவட்டமாக மண்படிகள். நான் தொண்டையைச் செருமிக்கொண்டு, "இந்த அடுக்குகள் எதுக்குன்னா..." என்று ஆரம்பித்தேன். அவர் கையைத் தூக்கி நிறுத்தினார்.

"அன்னிக்கு வில்லெம் இங்கதான் உட்கார்ந்திருந்தார். நான் கீழ இருந்தேன். அவர் பக்கத்துல யாரோ ஒருத்தர் இருந்தாரே, யாருன்னு உங்களுக்குத் தெரியுமா?"

"நான்தாம்மா."

அப்போதுதான் என் முகத்தை அவர் முதல்முறையாகப் பார்த்தார்.

"ஊருக்குப் போன மறுவாரமே படுத்துட்டார். அப்புறம் மூணு வருஷம் அவரைவிட்டு ஒரு நிமிஷம் நான் நகரல. இந்த ஒரு மணி நேரம்தான் எனக்குத் தெரியாதது. என்ன பேசினார்? சொல்லுங்களேன்."

டிரைவரைக் கேட்டு வந்தவர் என்னைக் கேட்கிறார். இதற்குத்தானே காத்திருந்தேன்! "மழை பெய்ஞ்சா இந்தப் பள்ளத்துல தண்ணி ஏன் தேங்கறதில்லன்னு கேட்டார். அடியில கல்லும் மணலும் பரப்பியிருக்கிறதைச் சொன்னேன். 'உனக்கு உன் தொழில் தெரியுது'ன்னார்." அது உண்மைதான், அப்படியே சொன்னார்.

ஹெண்ட்ரிகா தலையாட்டினார். என் வாயையே பார்த்துக்கொண்டிருந்தார். "அவ்வளவுதானா?"

அவ்வளவு இல்லை. அன்றைக்கு நாங்கள் தண்ணீரைப் பற்றிப் பேசிக்கொண்டிருந்தபோது கீழேயிருந்து ஒரு சிரிப்பு வந்தது. நிகாசியோ அந்த அம்மாவின் தொப்பியைத் தன் தலையில் வைத்துக்கொண்டு, கல்யாணப் பெண் மாதிரி குனிந்து நடந்து காட்டினான். அவர் மண்ணில் உட்கார்ந்துவிட்டார், அப்படி ஒரு சிரிப்பு. பள்ளம் முழுக்கக் கேட்டது. வில்லெம் பேச்சை நிறுத்திவிட்டார். பிறகு அவர் சொன்னதும், நான் பதில் சொன்னதும், இரண்டு பேரும் தொடையைத் தட்டிக்கொண்டு சிரித்ததும் என்னிடம் மட்டும் இருந்தது. யூதித்திடம்கூட நான் சொன்னதில்லை.

தண்ணீரோடு நிறுத்திக்கொண்டிருந்தால் அந்த நாள் என்னுடையதாகவே முடிந்திருக்கும். வழியில் மிச்சம் வைத்த வாக்கியத்தையும் அப்போதே எடுத்து வீசியிருக்கலாம். ஆனால் அவர் மறுபடி, "அவ்வளவுதானா?" என்றார், பசித்த குழந்தை தட்டைப் பார்ப்பது போலப் பார்த்துக்கொண்டு. பாழாய்ப்போன என் வாய் திறந்துகொண்டது.

"கீழ நீங்க சிரிச்சீங்கம்மா. அதைக் கேட்டுட்டு, 'முப்பத்தெட்டு வருஷமா இந்தச் சிரிப்பை வரவழைக்கத்தான் பார்க்கிறேன். பாஷைகூடத் தெரியாத அந்த ஆள் அரை மணி நேரத்துல வரவழைச்சுட்டான். எனக்குப் பொறாமையா இருக்கு'ன்னார். நானும் 'எனக்கும்தான் சார்'ன்னேன். 'பரவாயில்ல, அவள் சிரிக்கட்டும். அந்த ஆளை என் வீட்டுக்குக் கூட்டிட்டுப் போயிடலாம்போல இருக்கு'ன்னார்."

"பொறாமைன்னா சொன்னார்? வில்லெமா?" ஹெண்ட்ரிகா வாயைப் பொத்திக்கொண்டார். "கல்யாணமான நாள்லேர்ந்து என்கிட்ட ஒரு வார்த்தை அப்படிச் சொன்னதில்லையே!" என்று சொல்லிக்கொண்டே சிரித்தார். அதே சிரிப்பு. சிரித்துக்கொண்டே அழுதார். என் கையை ஒருமுறை அழுத்திவிட்டு எழுந்தார்.

என் பெயரைக் கேட்பார் என்று நின்றேன். அவர் வண்டிகள் நிற்கிற பக்கம் ஏறக்குறைய ஓடினார். நிகாசியோ ஈரத்துணியால் முன்கண்ணாடியைத் துடைத்துக்கொண்டிருந்தான். அவனை அப்படியே கட்டிப்பிடித்துக்கொண்டு அவன் தோளில் முகத்தைப் புதைத்து, டச்சு மொழியில் ஏதேதோ சொல்லிக்கொண்டே இருந்தார். அவன் சொட்டுகிற துணியை எங்கே வைப்பது என்று தெரியாமல் விழித்தான். நான் பத்தடி தள்ளி நின்றேன். என்னிடம் மட்டும் இருந்த ஒன்றையும் என் கையாலேயே எடுத்து அவனுக்குக் கொடுத்துவிட்டேன். வயிறு எரிந்தது.

அவர் தோளுக்கு மேலாக என்னைப் பார்த்துக் கெச்சுவாவில் கேட்டான். "கொம்பாத்ரே, அப்படி என்னத்தைச் சொன்ன இவங்ககிட்ட?"

"நீ நல்லா வண்டி ஓட்டுறேன்னு சொன்னேன்."

"அதுக்கா இப்படி அழுவுறாங்க?"

"ஆமா," என்றேன். "ரொம்ப நல்லா ஓட்டுறேன்னு சொல்லிட்டேன்."