கரண்டி பிடித்த கை

கட்டட வேலையில் ஆட்களை மூன்றாகப் பிரிப்பார்கள். கல் வைத்துச் சுவர் எழுப்புகிறவர், பூசுகிறவர் கொத்தனார். அவருக்குக் கலவை போட்டு, எடுத்துக் கொடுத்து நிற்கும் ஆண் பெரியாள். அதே வேலையைச் செய்வது பெண் என்றால் அவள் சித்தாள். மீசை அரும்பாத பையன் இன்றைக்குத்தான் வேலைக்கு வந்தான் என்றாலும் அவன் பெரியாள். இரண்டு பிள்ளை பெற்று, மூத்தவளைக் கல்லூரிக்கும் அனுப்பிவிட்ட நான் சித்தாள். இந்தப் பெயரை யார் வைத்தார்கள் என்று தெரியவில்லை. தெரிந்திருந்தால் நேரில் போய் நாலு கேள்வி கேட்டிருப்பேன்.

எங்கள் ஊர் சேரப்பணஞ்சேரி. எந்தப் பக்கம் திரும்பினாலும் கம்பெனி. காலையில் கம்பெனி பஸ்கள் வரிசையாக வந்து, கழுத்தில் டேக் மாட்டிய பிள்ளைகளை ஏற்றிக்கொண்டு போகும். வயல் போய்க் கம்பெனி வந்ததற்கு நான் அழுததில்லை. நாற்று நட்டு இடுப்பு ஒடிந்தவளுக்குத்தான் வயலின் அழகு தெரியும். எனக்கும் அந்த பஸ்ஸில் ஏற ஆசைதான். ஆனால் படிப்பை முடித்த கையோடு வருகிற பிள்ளைகளைத்தான் அவர்கள் கேட்கிறார்கள். நான் போய் நின்றபோது, வயது தாண்டிவிட்டது என்று கேட்டிலேயே அனுப்பிவிட்டார்கள். சரி, கம்பெனிக்குள் போகத்தானே வயது இல்லை, கம்பெனியைக் கட்ட வயது இருக்கிறதே என்று என் பெரியப்பா மகனிடம் வேலைக்குச் சேர்ந்தேன். எனக்கு அண்ணன் முறை. பூச்சு வேலையைக் காண்ட்ராக்ட் எடுத்துச் செய்கிற மேஸ்திரி. அவருடைய மனைவி, என் அண்ணி, அங்கே எனக்கு முன்பே சித்தாள்.

ஒரகடம் ரோட்டில் பஸ்ஸில் போகும்போது என் பிள்ளைகளுக்கு என்னால் பெரிய தொல்லை. அதோ அந்த நீலக் கூரைக்குக் கீழே நான் கலவை சுமந்தேன், இந்தக் காம்பவுண்டுக்கு நான்தான் தண்ணீர் அடித்தேன் என்று விரலை நீட்டிக்கொண்டே வருவேன். பக்கத்து சீட்டுக்காரர்கள் திரும்பிப் பார்ப்பார்கள். பார்க்கட்டும். இந்த ஊரில் கார் செய்கிறோம், போன் செய்கிறோம் என்று டிவியில் பெருமையாகச் சொல்கிறார்கள். அந்தக் காருக்கும் போனுக்கும் மேலே ஒரு கூரை இருக்கிறது, அதையும் யாரோ கட்டியிருக்கிறார்கள் என்று ஒருவரும் சொல்வதில்லை. அதனால் நானே சொல்லிக்கொள்கிறேன். நாங்கள்தான் கட்டினோம்.

தொழிலும் கண்ணெதிரே மாறியது. நான் சேர்ந்தபோது ரப்பர் செருப்பும் தலையில் சும்மாடும்தான் எங்கள் பாதுகாப்பு. இப்போது ஹெல்மெட் இல்லாமல் உள்ளே விட மாட்டார்கள். காலையில் வரிசையாக நிற்க வைத்து, எங்கே பள்ளம், எங்கே கரண்ட் என்று முதலில் இந்தியிலும் பிறகு தமிழிலும் சொல்வார்கள். அலுமினியத் தகடுகளை அச்சு மாதிரி நிறுத்தி, நடுவில் கான்கிரீட்டை ஊற்றி, இட்லி எடுப்பது போலச் சுவரை எடுத்துவிடுகிறார்கள். இத்தனையும் வந்துவிட்டது. பெண் காலுக்கு அளவான ஷூ மட்டும் இன்னும் வந்து சேரவில்லை. ஆம்பளை ஷூவுக்குள் பழைய பேப்பரைத் திணித்துக்கொண்டு, வாத்து மாதிரி நடந்துகொண்டிருக்கிறோம்.

எங்களுக்குள் இன்னொரு விசித்திரம். சுவர் பூசுகிற கருவிக்கும் கரண்டி என்றுதான் பெயர். அடுப்பங்கரையில் கரண்டி பிடித்தால் வீட்டுக்கு லட்சணம் என்பார்கள். சைட்டில் ஒரு பெண் கரண்டியைத் தொட்டால், கீழே வை, கூர் மழுங்கிவிடும் என்பார்கள். நான் தொட்டேன். கொத்தனார்கள் சாப்பிட்டுவிட்டுக் கண்ணயரும் நேரத்தில், மிச்சக் கலவையை எடுத்துத் தண்ணீர்த் தொட்டியின் பின்பக்கம் அடித்துப் பழகினேன். பிறகு படப்பையில் ஒரு ஹார்டுவேர் கடையில் சொந்தமாக ஒன்று வாங்கினேன். வீட்டுக்காரருக்கா என்று கடைக்காரர் கேட்டார். வீட்டுக்கு என்றேன்.

பொய்யில்லை. எங்கள் வீட்டின் பின்பக்கச் சுவர் முழுவதையும் நானே பூசினேன். என் வீட்டுக்காரர் சிங்கப்பெருமாள் கோவில் ஸ்டேஷனிலிருந்து ஷேர் ஆட்டோ ஓட்டுகிறவர். சுவருக்கு உப்பு, காரம் சரியாக இருக்கிறதா என்று கேலி பேசினார். ஆனால் வீட்டுக்கு வந்தவர் போனவரையெல்லாம் பின்பக்கம் அழைத்துப்போய் அந்தச் சுவரைக் காட்டியதும் அவர்தான்.

சுங்குவார்சத்திரம் பக்கம், கம்பெனிப் பெண்கள் தங்குவதற்கு ஒரு பெரிய விடுதி கட்டும்போதுதான் என் கரண்டிக்கு வழி பிறந்தது. வெளிச்சுவர்கள் அச்சில் ஊற்றியவை. அறைகளுக்கு நடுவே உள்ள தடுப்புச் சுவர்கள் கல் வைத்துக் கட்டியவை, அவற்றைப் பூச வேண்டும். எங்கள் ஊர்க் கொத்தனார்களின் பிள்ளைகள் எல்லாரும் டேக் மாட்டிக்கொண்டு போய்விட்டதால், பூசுகிறவர்கள் பெரும்பாலும் வடக்கிலிருந்து வந்தவர்கள். ஹோலி வந்தது. மொத்தமாக ரயிலேறிப் போய்விட்டார்கள். அண்ணன் போனும் கையுமாக நின்று, இருக்கிற கொத்தனார்களை எல்லாம் கூப்பிட்டுப் பார்த்தார். ஒருவரும் கிடைக்கவில்லை.

நான் பூசுகிறேன் என்றேன். அண்ணன் என்னை மேலும் கீழும் பார்த்தார்.

"இன்னாமா, வெளயாடறியா? இது உன் வூட்டு அடுப்பங்கரை சொவுரு இல்ல."

"சொவுரு சொவுருதாண்ணே."

வேறு வழியில்லாமல் ஒத்துக்கொண்டார். வராந்தாவின் கோடியில் உள்ள ஒரே ஓர் அறை. இன்ஜினியர் தட்டிப் பார்த்து சரி என்றால், ஹோலிக்குப் போனவர்கள் திரும்பி வந்த பிறகும் நான் கரண்டியோடு நிற்கலாம். இல்லையென்றால் மறுபடியும் தலையில் சட்டி, இந்தப் பேச்சையே அப்புறம் எடுக்கக் கூடாது. போகிற போக்கில் இன்னொன்றும் சொன்னார். சுவர் நன்றாகவே வந்தாலும் என்னைக் கொத்தனார் என்று கூப்பிட முடியாதாம். அந்தப் பெயர் பொம்பளைக்கு ஒட்டாதாம். எனக்குக் கோபம்தான் வந்தது.

கையாள் வேண்டுமே. அண்ணியைக் கேட்டேன். நாத்தனாருக்கு வீட்டில் செய்கிற ஊழியம் போதாதா, சைட்டிலும் செய்ய வேண்டுமா என்று முகத்தைத் திருப்பிக்கொண்டார். பெரியாட்கள் யாரும் ஒரு சித்தாளுக்குக் கையாளாக வரத் தயாராயில்லை. கடைசியில் தங்கை கல்யாணத்துக்காக லீவைச் சேர்த்து வைத்துக்கொண்டு, ஹோலிக்கு ஊருக்குப் போகாமல் இருந்த, ஒடிசாவிலிருந்து வந்த ஒடியாக்காரர் ஒருவர் வந்தார். நரைக்கத் தொடங்கிய மனிதர். வந்ததும் சட்டியை எடுத்துக்கொண்டு என்னைப் பார்த்துக் கேட்டார்.

"மிஸ்திரி, மசாலா எவ்ளோ?"

எனக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை. அவர்கள் பக்கம் கலவைக்கு மசாலா என்று பெயராம். தமிழில் கரண்டி, இந்தியில் மசாலா. அடுப்பங்கரை என்னை விடுவதாக இல்லை. ஆனால் அந்த முதல் வார்த்தைதான் தீயாகப் பரவியது. அவர்களுக்குக் கொத்தனார்தான் மிஸ்திரி. நம் ஊரில் மேஸ்திரி என்றால் எல்லாருக்கும் மேலே நிற்கிற அண்ணன். ஒடியாக்காரர் நாள் முழுக்க என்னை மிஸ்திரி, மிஸ்திரி என்று கூப்பிட, நேற்று வரை சட்டி தூக்கினவள் இன்றைக்கு மேஸ்திரி ஆகிவிட்டாளா என்று சைட்டே சிரித்தது. அண்ணன் வந்து, இங்கே ஒரே மேஸ்திரிதான் என்று அவரிடம் விளக்கினார். அவர் பணிவாகத் தலையை ஆட்டிவிட்டு என் பக்கம் திரும்பி, மிஸ்திரி, தண்ணி போதுமா என்றார்.

சுவரை நனைத்தேன். தூக்குக்குண்டு விட்டு மட்டம் பிடித்தேன். கலவையை வீசி அடித்தேன். அந்த வீச்சில்தான் சூட்சுமம் இருக்கிறது. பயந்து அடித்தால் பாதி தரையில் விழும். எனக்கு விழவில்லை. நீளச் சட்டத்தால் இழுத்து, மரக்கட்டையால் தேய்த்து முடித்தபோது சுவர் என்னைப் பார்த்தது. அதைச் சொல்ல எனக்கு வேறு வார்த்தை தெரியவில்லை. அவ்வளவு சந்தோஷமாக இருந்தது.

சில நாள் தண்ணீர் அடித்து இறுகவிட்ட பிறகு இன்ஜினியர் வந்தார். தூத்துக்குடிப் பக்கத்துப் பையன், நியாயமானவன். சட்டத்தைச் சுவரோடு ஒட்டிப் பிடித்து, பின்னாலிருந்து டார்ச் அடித்தான். வெளிச்சம் கசியவில்லை. சின்னக் கம்பியால் தட்டிக்கொண்டே வந்தான். ணங், ணங் என்று கெட்டியான சத்தம். அண்ணன் முகம் தெளிந்தது. கதவுக்குப் பின்னால், கான்கிரீட் தூணும் கல்சுவரும் சேருகிற இடத்தில் தட்டியபோது மட்டும் டொப்பென்றது. பூச்சு உள்ளே பிடிக்கவில்லை.

அண்ணன் முந்திக்கொண்டார். "வுடு சார். பொம்பளை பூசுனதுக்கு இதுவே ஜாஸ்தி."

இன்ஜினியரும் யோசித்தான். கதவைத் திறந்தால் அந்த இடம் மறைந்துவிடும், வேறு குறை எதுவும் இல்லை, இருக்கட்டும் என்றான். எனக்காகத்தான் இரண்டு பேரும் இறங்கிவந்தார்கள். அதுதான் எனக்குச் சுருக்கென்றது. இப்படி விட்டால் நான் என்றைக்கும் பொம்பளை பூசினதுதான். இந்த அறையில் படுக்கப்போகிற பிள்ளை மேல் ஒருநாள் அந்தத் துண்டு பெயர்ந்து விழும். அப்போதும் பொம்பளை பூசினது என்றுதான் சொல்வார்கள்.

"ஆம்பளை பூசியிருந்தா இன்னா சார் பண்ணுவீங்க?" என்று கேட்டேன்.

"இடிக்கச் சொல்லுவேன்."

"அப்ப இதையும் இடிக்கச் சொல்லுங்க."

அவன் என்னைப் பார்த்தான். பிறகு இடிங்க என்றான். சுத்தியலை நானே எடுத்து நானே பெயர்த்தேன். உள்ளே, தூணும் சுவரும் சேருகிற இடத்தில் அடித்திருந்த கம்பிவலை ஒரு பக்கம் தூக்கிக்கொண்டிருந்தது. அதை இழுத்து ஆணி அடித்து, ஒடியாக்காரர் கலக்கிக் கொடுத்த கலவையால் மறுபடியும் பூசினேன். அது இறுகும்வரை எனக்குச் சோறு இறங்கவில்லை. இன்ஜினியர் திரும்ப வந்து தட்டினான். ணங் என்றது. கம்பியை என் கையில் கொடுத்து, நீங்களும் தட்டிப் பாருங்க என்றான். நான் மூன்று முறை தட்டினேன். ஆசைக்குத்தான்.

ஹோலிக்குப் போனவர்கள் மறுநாளே வந்து இறங்கிவிட்டார்கள். காலையில் அண்ணன் வழக்கம்போல ஆள் பிரித்தார். கொத்தனார்கள் எல்லாம் இந்தப் பக்கம், பெரியாள், சித்தாள் எல்லாம் அந்தப் பக்கம் என்றார். எல்லாரும் நகர்ந்தார்கள். நான் கரண்டியோடு நடுவில் நின்றேன். அண்ணன் என்னைப் பார்க்காமல் போனைப் பார்த்தார். ஆட்கள்தான் வந்துவிட்டார்களே, இனி இவள் எதற்கு என்று நினைத்திருக்க வேண்டும். கொடுத்த வாக்கை என் வாயால் நினைவுபடுத்த எனக்கு ரோஷமாக இருந்தது. ஒடியாக்காரர் மட்டும் மெதுவாக மிஸ்திரி என்றார். யாரும் சிரிக்கவில்லை.

அண்ணி சட்டியைக் கீழே வைத்தார்.

"யோவ், அவளைக் கூப்புடு."

அண்ணன் நெளிந்தார். எப்படிக் கூப்பிடுவது என்று முனகினார்.

"நாத்தனாருன்னு பொம்பளையத்தானே சொல்றோம்? அது மட்டும் வாயில வருதில்ல? கொத்தனாருன்னா இன்னா, நாக்கு சுட்டுக்குமா?"

அண்ணன் போனைப் பையில் போட்டார். தொண்டையைச் செருமிக்கொண்டார்.

"கொத்தனாரே, இந்தப் பக்கம் வாம்மா."

நான் போனேன். பின்னாலேயே கலவைச் சட்டியைத் தூக்கிக்கொண்டு அண்ணி வந்தார்.