உள்ளங்கையில் வெளிச்சம் வரும் பள்ளிக்கூடம்

மாதம் ஒரு முறை என் மகளை இதய நோய்க் கிளினிக்குக்குக் கூட்டிச் செல்வேன். இலக்கம் எடுத்த பிறகு மூன்று மணி நேரமாவது வாங்கில் உட்கார்ந்து காத்திருக்க வேண்டும். அவளுக்கு அப்போது எட்டு வயது. அவளுடைய இதயத்தின் வால்வு ஒன்று பிறந்ததிலிருந்தே சரியாக மூடவில்லை. மற்றப் பிள்ளைகள் ஓடி விளையாடும் நேரத்தில் அவள் உட்கார்ந்து கதை கேட்பாள். அந்த வாங்கில்தான் எங்கள் மாயப் பள்ளிக்கூடம் தொடங்கியது.

காரைதீவுக்கும் நிந்தவூருக்கும் இடையில் யாரும் இறங்காத ஒரு பஸ் தரிப்பிடம் இருக்கிறது என்று சொன்னேன். அங்கே இறங்கி வயல் வரம்பால் நடந்தால் பள்ளிக்கூடம் வரும். அதிபர் அம்மா சுளகில் ஏறிப் பறந்து வருவார். மாணவர்கள் மந்திரம் சொல்லி நண்டுகளைப் பேச வைப்பார்கள். மகள் சிரித்த சிரிப்பில் பக்கத்து வாங்கில் இருந்தவர்களும் திரும்பிப் பார்த்தார்கள்.

எங்கள் ஊரில் பெண்மக்களுக்கு வளவைப் பிரித்து வீடு கட்டிக் கொடுப்பது வழக்கம். அதனால் என் அக்காவான ராத்தாவின் குசினிக்கும் என் குசினிக்கும் நடுவில் ஒரு தகர வேலிதான். வீட்டிலும் நான் தொடர்ந்து சொன்ன கதையை வேலிக்கு அப்பாலிருந்து கேட்ட ராத்தா அகப்பையோடு வந்து நின்றார்.

"என்னகா இது, சூனியத்தையா புள்ளைக்குப் படிச்சிக் குடுக்காய்? துஆ ஓதிக் குடுக்கிற வாயால மந்திரமும் சொல்லிக் குடுக்காய்?"

"கதைதானே ராத்தா."

"கதைதான். கதையாலதான் எல்லாம் உள்ளுக்குப் போற."

அவர் சொன்னதில் நியாயம் இருந்தது. அன்றே மந்திரங்களை எல்லாம் எடுத்துவிட்டேன். அந்தப் பள்ளிக்கூடத்தில் இனி மாயம் நல்ல குணத்தால் மட்டுமே நடக்கும். பொய் சொல்லாத பிள்ளையின் உள்ளங்கையில் ஒரு வெளிச்சம் இருக்கும். அதை வைத்தால் நோய் ஆறும், வாடிய கன்று நிமிரும். யாருக்காவது தீங்கு செய்தால் வெளிச்சம் அணைந்துவிடும். தீங்கு பட்டவர் மன்னித்து, "பொருந்திட்டன்" என்று வாயால் சொன்னால்தான் அது திரும்ப வரும்.

ராத்தா திருப்தியாகப் போனார். எனக்கும் அந்தத் திருத்தம் பிடித்திருந்தது. நூலகத்தில் வேலை செய்பவள் நான். கதைகளை எடைபோடத் தெரியும் என்று நினைத்திருந்தேன். மந்திரத்தை நம்பும் பிள்ளை, அது பலிக்காவிட்டால் மந்திரத்தைப் பிழை சொல்லும். குணத்தை நம்பும் பிள்ளை தன்னையே பிழை சொல்லும். இது அப்போது எனக்கு விளங்கவில்லை.

அடுத்த வருடம் கொழும்பில் சத்திர சிகிச்சைக்கு நாள் கிடைத்தது. எங்கள் பக்கத்தில் ஹஜ்ஜுக்குப் போகிறவர்களும் பெரிய ஒப்பரேசனுக்குப் போகிறவர்களும் வீடு வீடாகச் சென்று, செய்த பிழைகளைப் பொருந்திக்கொள்ளும்படி கேட்பார்கள். பெரியவர்களின் வழக்கம் அது. பயணத்துக்கு முதல் நாள் அஸர் தொழுகைக்குப் பிறகு, என் மகள் கொப்பித் தாளில் ஒரு பட்டியலோடு புறப்பட்டாள். மூச்சு வாங்கியதால் நானும் கூடப் போனேன்.

பக்கத்துத் தமிழ்க் கிராமத்திலிருந்து சைக்கிளில் மீன் கொண்டு வருபவரை அவள் ஒழுங்கை முனையில் மறித்தாள்.

"உங்கட மீன் நாறுதெண்டு எல்லாருக்கும் சொன்னன் மாமா. பொருந்திக்கங்க."

அவர் ஒரு காலை ஊன்றி நின்று யோசித்தார். "அது நாறினதுதானே பிள்ள. முதல் நாள் மீனையெல்லோ வித்தனான். நீதான் என்னைப் பொறுக்கோணும்."

"நான் பொருந்திட்டன். நீங்களும் சொல்லுங்க."

"ஓம், ஓம். நானும் பொருந்திட்டன்."

ராத்தா அவளை இறுக்கிப் பிடித்துக்கொண்டு "பொருந்திட்டன்" என்றார். கட்டாரிலிருந்து அவளுடைய வாப்பா தொலைபேசியில், அவள் கேட்டு முடிக்கும் முன்பே சொல்லிவிட்டார். மஃரிபுக்குச் சற்று முன், நான் பயணப் பையை அடுக்கிக்கொண்டிருந்தபோது என் முன்னால் வந்து நின்றாள்.

"உம்மா, கடைசியா நீங்கதான்."

கடைசி என்ற அந்தச் சொல்லை என்னால் கேட்க முடியவில்லை. "ஒனக்கு ஒண்டும் ஆகா. சும்மா கதைக்காம போய்ப் படு."

"இல்ல உம்மா, கேளுங்க. பள்ளிக்கூடத்துக்குப் போற நாள்ல அந்தச் சின்னக் குளிசைய நான் குடிக்கல்ல. குடிச்சா ஒண்ணுக்கு வந்துட்டே இரிக்கும். கிளாஸ்ல எல்லாரும் சிரிக்காங்க. வாய்க்குள்ள வெச்சித் துப்பிட்டன். அதாலதான் நெஞ்சு சொகமாகல்ல. பொருந்திக்கங்க."

"ஒப்பரேசன் முடிஞ்சி வீட்ட வந்து கேளு. அப்ப பொருந்துறன்."

திரும்பி வருவதற்கு ஒரு காரணத்தை அவளிடம் கொடுத்து அனுப்புவதாக நினைத்தேன். இப்போதே சொல்லிவிட்டால், அவள் போகலாம் என்று நானே விடை கொடுப்பது போல் இருக்கும் என்று பயந்தேன். அவள் உள்ளங்கையை விரித்துப் பார்த்துவிட்டு மெல்ல மூடிக்கொண்டாள்.

கொழும்பில், சத்திர சிகிச்சைக் கூடத்தின் வாசலில், தள்ளுகட்டிலில் படுத்திருந்தபடி அவள் என்னிடம் கேட்டாள்: "கையில வெளிச்சம் இல்லாட்டியும் டொக்டர்மார் செய்வாங்கதானே உம்மா?"

"ஓம் மகள், செய்வாங்க" என்றேன். அவளுடைய தலைமுடியைத் தொப்பிக்குள் ஒதுக்குவதில்தான் என் கவனம் இருந்தது. கதவு மூடிய பிறகுதான் அவள் என்ன கேட்டாள் என்பது எனக்கு உறைத்தது.

அவள் கண் விழிக்கவில்லை. தீவிர சிகிச்சைப் பிரிவில் மூன்று நாட்கள் கிடந்தாள். "கதைங்க அம்மா, கேக்கும்" என்று ஒரு சிங்களத் தாதி தனக்குத் தெரிந்த தமிழில் சொன்னார். பொருந்திட்டன், பொருந்திட்டன் என்று அவள் காதருகில் சொல்லிக்கொண்டே இருந்தேன்.  இதயம் நெடுநாளாகவே தளர்ந்திருந்தது, அவள் துப்பிய மருந்துக் குளிசைகள் இதற்குக் காரணமில்லை என்று டாக்டர் பொறுமையாக விளக்கினார். நான் தலையாட்டினேன். அதைக் கேட்க வேண்டியவள் நானில்லை.

அவளை ஊருக்குக் கொண்டு வந்து அடக்கிய மறுநாள், ராத்தாவிடம் எல்லாவற்றையும் சொன்னேன். அவர் என் பக்கத்தில் பாயில் அமர்ந்தார்.

"சின்னப் புள்ளைக்குப் பாவம் எழுதிறல்லகா" என்றார். "எழுதாத பாவத்துக்கு நீ என்னத்தப் பொருந்துற?"

என்னைத் தேற்றுவதற்காகத்தான் சொன்னார். பருவமடையாத பிள்ளையின் மீது எந்தக் குற்றமும் பதியப்படுவதில்லை என்பது எங்கள் ஊரில் எல்லோருக்கும் தெரியும். ஓதப் போன வயதிலேயே எனக்கும் தெரியும். என் மகளுக்குத்தான் அது தெரிந்திருக்கவில்லை. அவளுக்கு நான் வேறொரு பள்ளிக்கூடத்தின் சட்டத்தைச் சொல்லிக் கொடுத்திருந்தேன். அவள் அதைக் கடைசி வரை நம்பி நடந்தாள்.