வாதியின் வண்டியில் பிரதிவாதி

வாய்தா நாளென்றால் டிரைவர் வண்டியை இரண்டு தரம் துடைப்பார். பின் இருக்கையில் துவைத்த துண்டை விரிப்பார். அதில் உட்காரப்போகிறவர் அவருடைய அதிகாரி. டிரைவர் போட்டிருக்கும் சம்பள வழக்கில் பிரதிவாதியும் அவரேதான்.

இரண்டு அலுவலகங்களை ஒன்றாக்கியபோது டிரைவர் பணியிடம் கோப்புகளுக்குள் எங்கேயோ நழுவிப்போனது. சம்பளம் நின்றது, வேலை நிற்கவில்லை. "மேல எழுதியிருக்கேன்யா, வந்துடும்" என்று பின் இருக்கையிலிருந்து ஆறுதல் மட்டும் தவறாமல் வந்தது. மளிகைக் கடைக்காரர் முகத்தைத் திருப்பிக்கொண்ட பிறகு, மனைவியின் வளையலும் அடகுக்குப் போன பிறகுதான் டிரைவர் நீதிமன்றப் படியேறினார்.

மனைவிக்குத்தான் பொறுக்கவில்லை. "எதிராளிய நீங்களே அலுங்காம கொண்டுபோய் எறக்கிவிட்டுட்டு, அப்புறம் உள்ள போய் அவர்மேலயே புகார் சொல்லுவீங்களாக்கும்?"

"அவர் வராட்டி வாய்தா தள்ளிப்போயிடும்டி. நான் ஓட்டினாத்தான் வந்து சேருவார்."

வண்டிக்குள் வழக்கைப் பற்றி அதிகாரியும் டிரைவரும் மூச்சுவிட மாட்டார்கள். டிரைவர் நாக்கை மடித்துக் கடித்தபடி கியர் மாற்றுவார். முன்னால் தடுமாறும் வண்டிகளுக்கு முணுமுணுப்பாகப் புத்தி சொல்வார்: "ராஜா, ஏதாவது ஒரு பக்கமாப் போடா."

போன வாய்தாவன்று அதிகாரி குளித்து, சாப்பிட்டு, செருப்பைத் தேடி, ஆற அமரத்தான் கிளம்பினார். நீதிமன்றத்தில் அவர்களை இரண்டு முறை கூப்பிட்டு முடித்திருந்தார்கள். 'மனுதாரர் எங்களிடம் பணியில் இல்லை' என்ற அவருடைய பதில் மனு நீதிபதியின் கையில் இருந்தது.

"ஏன் இவ்வளவு தாமதம்?" என்றார் நீதிபதி.

"மன்னிக்கணும் ஐயா. டிரைவர் லேட் பண்ணிட்டான்."

"எந்த டிரைவர்?"

கடைசி வரிசையில் டிரைவர் எழுந்து நின்றுவிட்டார். சம்பளம் வராததைக்கூடப் பொறுத்தவருக்கு இந்தப் பழியைப் பொறுக்க முடியவில்லை.

"நான் நேரத்துக்கே வாசல்ல நின்னேங்க ஐயா! சார்தான் செருப்பக் காணோம்னு தேடிட்டிருந்தாரு."

வக்கீல்கள் கறுப்பு அங்கியால் வாயைப் பொத்திக்கொண்டார்கள். நீதிபதி பதில் மனுவை மடித்து வைத்துவிட்டு, நிலுவை முழுவதையும் உடனே கொடுக்க உத்தரவிட்டார்.

திரும்பும் வழியில் அதிகாரி ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். பிறகு, "மேலிடத்துல மேல்முறையீடு போகச் சொல்லுவாங்கய்யா" என்றார், யாரோ கட்டாயப்படுத்தியதைப் போல.

"என்னிக்குன்னு முன்னாடியே சொல்லிடுங்க சார். வண்டிய அன்னிக்கு சர்வீஸுக்கு விடாம பாத்துக்கறேன்."

டிரைவர் கண்ணாடியில் பார்த்தார். அதிகாரி வாயைப் பிளந்து தூங்கிவிட்டிருந்தார். தலை ஜன்னலோரம் தொங்கிக்கொண்டிருந்தது. எதிரே ஒரு பெரிய வேகத்தடை. டிரைவர் வண்டியை நத்தையாக்கி, முன் சக்கரத்தையும் பின் சக்கரத்தையும் பூப்போல ஏற்றி இறக்கினார். பின்னால் வந்த வண்டிக்காரர்கள் ஹாரனை அலறவிட்டார்கள். ஜன்னல் வழியே கையை நீட்டி, சத்தம் போடாதீர்கள் என்று காட்டினார்.